கும்பகோணம் டிராமா டிரஸ் வாடகைக் கடை: டைரக்டர் வேஷம் கேட்டுப் போனோம்

மொதல்லயே சொல்லிடுறேன், கடை ரொம்ப நல்ல கடை. கும்பகோணத்துல மகாமகக் குளத்துலேர்ந்து நடந்து போற தூரத்துல ஒரு சந்துக்குள்ள, போர்டு கூட கிடையாது, வாசல்ல ஒரு பழைய தகரப் பொட்டியும் அது மேல காயப்போட்ட ரெண்டு கிரீடமும் இருக்கும், அதான் அடையாளம். ஸ்கூல் ஆண்டு விழாவுக்கு, கோயில் திருவிழா நாடகத்துக்கு, கிருஷ்ண ஜெயந்தி மாறுவேடப் போட்டிக்குன்னு நம்ம பக்கத்து ஆளுங்க நெறைய பேரு இங்கதான் வாடகைக்கு எடுக்குறாங்க. நான் திருவையாத்துப் பக்கம் ஒரு ஸ்கூல்ல தமிழ் டீச்சர். இந்த வருஷம் ஆண்டு விழாவுக்கு டி.பி.ராஜலட்சுமி வாழ்க்கைய இருபத்தஞ்சு நிமிஷ நாடகமா போட்டோம், அதுக்கு மொத்தம் பதினாலு செட்டு இங்கேர்ந்துதான் எடுத்தோம், அந்த அனுபவம்தான் இது, கொஞ்சம் நீளமா போகும், பொறுத்துக்கங்க.

ஏன் அவங்கன்னு கேட்டா, அவங்க எங்க ஊரு. டி.பி.ங்குற இனிஷியல்ல டி வந்து திருவையாறு, பி வந்து அப்பா பேரு பஞ்சாபகேசன், அது எங்க ஊரு சாமி ஐயாறப்பரோட பேருதான், இந்தப் பக்கத்துல பழைய குடும்பங்கள்ல வீட்டுக்கு ஒரு பஞ்சாபகேசன் இருப்பாரு. தமிழோட முதல் பேசும் படமான காளிதாஸ்ல கதாநாயகி அவங்க. அதோட நின்னுருந்தாலே பெரிய விஷயம், ஆனா 1936ல தானே எழுதின நாவல தானே மிஸ் கமலான்னு படமா எடுத்து தானே டைரக்ட் பண்ணி அதுல தானே நடிச்சாங்க, தென்னிந்திய சினிமாவுக்கே முதல் பெண் டைரக்டர். எங்க ஊர்ல தை மாசம் தியாகராஜர் ஆராதனைக்கு எவ்வளவு கூட்டம் வருது, அசோகா அல்வா வாங்க எவ்வளவு கார் நிக்குது, ஆனா என் கிளாஸ்ல நாப்பது புள்ளைங்கள்ல ஒருத்திக்குக் கூட இந்தப் பேரு தெரியல. எனக்கு அது தாங்கல, அதான் நாடகம்.

இன்னொரு காரணமும் இருக்கு. அவங்க நடிச்ச காளிதாஸும் சரி, டைரக்ட் பண்ணின மிஸ் கமலாவும் சரி, இன்னைக்குப் போட்டுப் பாக்க பிரிண்ட் கிடையாது. புள்ளைங்க போன்ல தேடிப் பாத்துட்டு "மிஸ், ஒண்ணுமே வரல"ன்னு வந்து நின்னாங்க. அப்ப அவங்கள கண்ணால பாக்கணும்னா நம்மளே வேஷம் கட்டித்தான் பாக்கணும், வேற வழி இல்ல, அதனாலதான் டிரஸ் விஷயத்துல நான் இவ்வளவு மெனக்கெட்டேன்.

கடைக்காரப் பெரியவருக்கு எழுபது தாண்டியிருக்கும், சின்ன வயசுல ஸ்பெஷல் நாடகத்துல கள்ளபார்ட், அதாவது திருடன் வேஷம், போட்டவரு. உள்ள நுழைஞ்சதும் நாடக ஆசிரியர் சங்கரதாஸ் சுவாமிகள் படம், அதுக்கு அன்னன்னைக்குப் பூ மாத்துறாங்க. நாலு பக்கமும் கொடி கட்டி ராஜபார்ட் கோட்டு, ஸ்த்ரீபார்ட் பாவாடை, புஜகீர்த்தி, மார்புப் பதக்கம், ஒட்டியாணம், வங்கி, ராக்கொடி, குஞ்சலம், சவுரி, டோப்பான்னு ஒரு அங்குலம் எடம் விடாம தொங்குது. அவருக்கு ராஜா ராணின்னு சொன்னா புரியாது, "எந்த நாடகத்துல எந்த சீனு"ன்னு கேப்பாரு, சொன்னா கைய நீட்டி அந்தச் செட்ட மட்டும் உருவி எடுப்பாரு. நான் ஒரு பேப்பர்ல லிஸ்ட் எழுதிக்கிட்டுப் போயிருந்தேன், அத வாங்கி ஓரமா வெச்சுட்டு "நீங்க கதைய சொல்லுங்க டீச்சரம்மா, எனக்குக் கதை தெரிஞ்சாதான் துணி எடுக்க வரும்"னாரு. அதுக்கே நூத்துக்கு நூறு குடுக்கலாம்.

மொத சீனு கல்யாணம். 1911ல பொறந்த பொண்ணுக்கு எட்டு வயசுல கல்யாணம் பண்ணி வெச்சுட்டாங்க, அப்பல்லாம் தடுக்க சட்டமே கிடையாது, சாரதா சட்டம் 1929லதான் வந்துச்சு. அந்தக் கல்யாணம் நிக்கல. புகுந்த வீட்டுலேர்ந்து திரும்பி வந்துட்டாங்க, அப்பாவும் போயிட்டாரு, அம்மாவும் பொண்ணுமா திருச்சிக்குப் போய் பொழப்புக்கு வழி தேடுனாங்க. இத சொல்லிக்கிட்டு இருக்கப்பவே பெரியவரு எந்திரிச்சுப் போய் ஒரு ஆண்டாள் செட்டக் கொண்டாந்தாரு, சின்னப் புள்ளைங்க சைஸுல அவருகிட்ட இருக்குறது எல்லாம் கிருஷ்ணன், ஆண்டாள், பாரதியார், காந்திதானாம், அதுல ஆண்டாள் கொண்டைய எடுத்துட்டு பட்டுப்பாவாடையையும் மாலையையும் மட்டும் குடுத்தாரு. எங்க மூணாங்கிளாஸ் புள்ள அதப் போட்டுக்கிட்டு நின்னப்ப மாலை முழங்காலுக்குக் கீழ தொங்குச்சு, வேற சின்ன மாலை இல்லன்னாரு, நான் வேணாம் இதுவே இருக்கட்டும்னு எடுத்துக்கிட்டேன். விழா அன்னைக்கு அந்தப் புள்ள மாலைய ரெண்டு கையால தூக்கிப் பிடிச்சுக்கிட்டு நடந்து வந்தப்ப முன்வரிசையில இருந்த தாய்மாருங்க பேச்ச நிறுத்திட்டாங்க.

அடுத்தது நாடகக் கம்பெனி. பதினோரு வயசு வாக்குல சாமண்ணா கம்பெனியில சேந்தாங்க, சங்கரதாஸ் சுவாமிகளே இந்தப் பொண்ணு தேறும்னு சொன்னாருன்னு சொல்வாங்க. அந்தப் பேரக் கேட்டதும் பெரியவரு சுவத்துல இருந்த படத்தப் பாத்து ஒரு கும்பிடு போட்டாரு, அதுக்கப்பறம் வாடகையில பேரம் பேசவே வேண்டி வரல. நம்ம டெல்டாவுல மெலட்டூர் பாகவத மேளா பாத்தவங்களுக்குத் தெரியும், பொம்பள வேஷத்தையும் ஆம்பளைங்களேதான் கட்டுவாங்க, அன்னைக்கு கம்பெனி நாடகங்கள்லயும் ஸ்த்ரீபார்ட்ட ஆம்பளப் பசங்களே போடுறது சாதாரணம். அப்பிடி இருந்த மேடையில ஒரு பொண்ணு, அதுவும் கல்யாணம் முறிஞ்சு வந்த பொண்ணு, அரிதாரம் பூசிக்கிட்டு ஏறுச்சுன்னா ஊரு என்ன பேசியிருக்கும்னு நான் சொல்லித் தெரிய வேண்டாம். பெரியவரு இந்த எடத்துல ஒண்ணு சொன்னாரு, அந்தக் காலத்துல மைக் கிடையாது, கடைசியில தரையில உக்காந்திருக்குறவன் வரைக்கும் பாட்டு போய்ச் சேரணும், ஸ்த்ரீபார்ட் போடுறவங்களுக்கு முகம் அப்பறம்தான், மொதல்ல தொண்டைன்னு. எனக்கு அப்பதான் ஒண்ணு ஒறைச்சுது, அவங்க சினிமாவுக்குப் போனப்ப மொதல்ல நடிச்சது எல்லாம் ஊமைப்படம், அவ்வளவு பெரிய தொண்டைய வெச்சுக்கிட்டு சத்தமே வராத படத்துல வாயசைச்சுக்கிட்டு இருந்துருக்காங்க. 1931ல பேசும் படம் வந்ததும் பாடத் தெரிஞ்ச ஆளு வேணும்னு தேடுனப்ப, பின்னணிப் பாட்டுங்குறதே இல்லாத காலம் அது, நடிக்கிறவங்களேதான் கேமரா முன்னாடி பாடணும், நாடகத்துல பழுத்தவங்கதான் சரியா வருவாங்க, அப்பிடித்தான் இவங்களுக்கு அந்தக் கதவு தொறந்துச்சு.

காளிதாஸ் சீனுக்கு இளவரசி செட்டு. ஆடு மாடு மேய்க்கிறவன ஏமாத்தி கட்டி வெச்சுடுவாங்களே அந்த இளவரசி. படம் பம்பாய்ல எடுத்தாங்க, எச்.எம்.ரெட்டி டைரக்ஷன், 1931 அக்டோபர் 31ல மெட்ராஸ் கினிமா சென்ட்ரல்ல ரிலீஸ். பிலிம் பொட்டி ரயில்ல வந்து எறங்குனப்ப தேங்கா ஒடச்சு பூத் தூவி ஊர்வலமா எடுத்துக்கிட்டுப் போனாங்களாம், சாமி பொறப்பாடு மாதிரி. அந்தப் படத்துல கதாநாயகி தமிழ்ல பேசுவாங்க, கதாநாயகன் தெலுங்குல பதில் சொல்வாரு. இத எப்பிடி மேடையில காட்டுறதுன்னு யோசிச்சப்ப, எங்க ஒம்பதாங்கிளாஸ்ல வீட்டுல தெலுங்கு பேசுற பொண்ணு ஒருத்தி இருக்கா, தஞ்சாவூர் ஜில்லாவுல அதுக்குக் கொறச்சலா, அவளையே காளிதாஸா போட்டோம், அவ தெலுங்குல பேசப் பேச இவ தமிழ்ல பதில் சொல்ல கூட்டம் அவ்வளவு ரசிச்சுது. இன்னொண்ணு, அந்தப் படத்துப் பாட்டுங்கள்ல தியாகராஜர் கீர்த்தனையும் உண்டு. திருவையாத்துல பொறந்த பொண்ணு, அதே ஊர்ல சமாதி ஆன தியாகய்யரோட கீர்த்தனை, தமிழோட முதல் பேசும் படம், மூணும் ஒரு எடத்துல வந்து சேருது. இத எங்க ஊர்ல எழுதி வெச்சுருக்கணுமா இல்லையா? காந்தியோட ராட்டினத்தப் பத்தி ஒரு பாட்டும் அதுலயே இருந்துச்சு, வெள்ளக்காரன் ஆட்சியில.

அந்த இளவரசி செட்டுல ஒரு கொறை, ஜாக்கெட்டுல வெச்சுத் தெச்ச ஜரிகை கழுத்த அறுத்துடுச்சு, பொண்ணுக்கு ரெண்டு நாளு செவந்து கெடந்துச்சு. உள்ள ஒரு காட்டன் துணி வெச்சுத் தெச்சுக் குடுத்தா நல்லாருக்கும், திருப்பிக் குடுக்கப் போனப்ப நேர்லயே சொல்லிட்டேன், சரிம்மான்னாங்க. குறத்தி டான்ஸுக்கு எடுத்த சலங்கையில ஒரு காலுல ஏழு மணி இல்ல. வள்ளி செட்டு மட்டும் அவ்வளவு அழகு, பச்சப் பாவாடை, பாசிமணி, கவண்கல்லு, தெனைப்புனம் காக்குற பரணுக்கு ஒரு சின்ன ஏணி கூட வெச்சுருக்காரு, அதுக்கு வாடகை வாங்கல. வள்ளி திருமணம் படம் 1933ல வந்து பிச்சுக்கிட்டு ஓடுனது, அதுல வள்ளி அவங்கதான், கூட நடிச்ச டி.வி.சுந்தரத்தையே அப்பறம் கல்யாணமும் பண்ணிக்கிட்டாங்க. எட்டு வயசுல முறிஞ்சத சொல்லிட்டு இத சொல்லாம விடக் கூடாதுன்னு அந்த சீனையும் சேத்தோம். சினிமா ராணின்னு பட்டம் வாங்குன காலம் இது.

இப்ப முக்கியமான எடத்துக்கு வரேன். லிஸ்ட்ல கடைசியா "டைரக்டர்"னு எழுதியிருந்தேன். பெரியவரு அதப் படிச்சுட்டு ஒரு பேண்ட்டு, கோட்டு, தொப்பி, கூலிங் கிளாஸ், கழுத்துல மாட்டுற விசிலுன்னு எடுத்து வெச்சாரு, எல்லாம் ஆம்பள சைஸு. என்கூட வந்த பத்தாங்கிளாஸ் பொண்ணுதான் ராஜலட்சுமி வேஷம், அவ "தாத்தா, அவங்க பொம்பள டைரக்டர்"னா. பெரியவரு தொப்பியக் கையில வெச்சுக்கிட்டு கொஞ்ச நேரம் பேசாம நின்னுட்டாரு. அம்பது வருஷமா எத்தனையோ வேஷத்துக்குத் துணி குடுத்தவரு, "இதுக்குன்னு எங்கிட்ட செட்டு இல்லையேம்மா"ன்னு சொன்னப்ப அவரு கொரல்லயே வருத்தம் தெரிஞ்சுது. பேண்ட்டு கோட்ட சின்னதாக்கித் தரட்டுமான்னு கேட்டாரு, எனக்கு அது மனசுக்கு ஒப்பல. கூலிங் கிளாஸ் மாட்டி விட்டா அவங்க அவங்களா இருக்க மாட்டாங்க, யாரோ ஒரு ஆம்பள டைரக்டரோட வேஷத்த இவங்க போட்டுக்கிட்ட மாதிரி ஆயிடும்.

உள்ள அவரு வீட்டம்மா துணிக்கு இஸ்திரி போட்டுக்கிட்டே எல்லாத்தையும் கேட்டுக்கிட்டு இருந்துருக்காங்க. அங்கேர்ந்தே "ஏம்மா, அந்தப் படத்துல அவங்க நடிச்சாங்களா, இல்ல வெறும் டைரக்டர்தானா?"ன்னாங்க. நடிச்சாங்கக்கா, கதையும் அவங்களோடதுதான், கமலவல்லின்னு நாவல் எழுதி அதத்தான் மிஸ் கமலான்னு எடுத்தாங்க, ராஜம் டாக்கீஸ்னு சொந்தக் கம்பெனின்னேன். "அப்ப எதுக்கு வேற டிரஸ்ஸு? கதாநாயகி சேலையோடதான் நின்னு எல்லாருக்கும் சொல்லியிருப்பாங்க. சொல்லிட்டு அப்பிடியே போய் நடிச்சுருப்பாங்க. நடுவுல மாத்திக்கிட்டா வருவாங்க?"ன்னாங்க.

நான் ஒரு வாரமா புக்கு, பேப்பர்னு பொரட்டிக்கிட்டு இருந்தும் எனக்குத் தோணாதது அது. அந்தக்கா இஸ்திரிப் பொட்டிய நிமுத்தி வெச்சுட்டு உள்ள போய் பழைய சோஷியல் டிராமா மூட்டைய அவுத்து, கை புசுபுசுன்னு இருக்குற பஃப் கை ஜாக்கெட்டும் மெல்லிசா பார்டர் போட்ட ஒரு ஜார்ஜெட் சேலையும் எடுத்துக்கிட்டு வந்தாங்க, அவங்க மாமியா காலத்துல சமூக நாடகத்துக்குன்னு வாங்குனதாம், இப்ப யாரும் கேக்குறதில்லையாம். பெரும்பாலும் புராணப் படமா எடுத்துக்கிட்டு இருந்த நேரத்துல ஒரு பொண்ணோட கதைய சமூகப் படமா எடுத்தவங்களுக்கு அதவிடப் பொருத்தமா என்ன கெடைக்கும். கொண்டைய அந்தக்காவே சவுரி வெச்சுப் போட்டுக் காட்டுனாங்க, எப்பிடி ஊசி குத்தணும்னு என் கையப் பிடிச்சே சொல்லிக் குடுத்தாங்க. கையில மட்டும் ஒரு கட்டு காயிதம். கடைசி சீனுல எங்க பொண்ணு அந்தச் சேலையில காயிதத்தப் பாத்து நாலு பேருக்கு எங்க நிக்கணும்னு சொல்லிட்டு, காயிதத்த இடுப்புல சொருகிக்கிட்டு, அதே நடையில மேடை நடுவுல வந்து நின்னு அழ ஆரம்பிச்சா. ஒரு விளக்கமும் தேவைப்படல, கூட்டத்துக்குப் புரிஞ்சுடுச்சு.

அதுக்கப்பறமும் அவங்க நிக்கல, 1939ல மதுரை வீரனையும் டைரக்ட் பண்ணுனாங்க. பொண்ணுக்குக் கமலான்னே பேரு வெச்சாங்க. 1961ல கலைமாமணி, 1964ல போய்ச் சேந்துட்டாங்க. நாடகத்துல இத எல்லாம் ஒரு பொண்ணு மைக்குல வேகமா படிச்சா, நேரம் இல்ல. ரிகர்சல்ல ஒரு புள்ள "அப்பறம் வேற நடிகைங்க யாரும் டைரக்ட் பண்ணலியா மிஸ்"னு கேட்டா. ஏன் இல்ல, பானுமதி 1953ல சண்டிராணி, சாவித்திரி 1969ல குழந்தை உள்ளம், சுஹாசினி 1995ல இந்திரா, ரேவதி, லட்சுமி ராமகிருஷ்ணன்னு வரிசையா சொன்னேன். சொல்றப்பவே 1939க்கும் 1953க்கும் நடுவுல எவ்வளவு பெரிய எடவெளின்னு எனக்கே வலிச்சுது. புள்ளைங்க நோட்டுல வருஷத்தோட எழுதிக்கிட்டாங்க.

சரி கடைக்கு வருவோம். மேக்கப்புக்கு ஆளு வேணும்னா அவங்களே அனுப்புறாங்க, முத்துவெள்ளை, ரோஸ் பவுடர், கண்மை எல்லாம் அவங்களோடது, ஆனா பழைய முறையில கொஞ்சம் கனமா பூசுறாங்க, சின்னப் புள்ளைங்களுக்கு லேசா போடச் சொல்லிடுங்க, கலைக்கத் தேங்காண்ணெய் நம்ம கொண்டு போயிடணும். எங்களுக்குப் பெரிய செட்டு ஒண்ணு 350 ரூபா, சின்னது 200, நகை தனி, மொத்தத்துக்கு 2000 அட்வான்ஸ், வாடகைய ஜிபேல போடலாம், அட்வான்ஸ் மட்டும் கேஷா வேணும்ங்குறாங்க. ரெண்டு நாள் கணக்கு, மூணாம் நாளு ஆனா பாதி வாடகை கூட. டோப்பா ஒண்ணுல ஈர வாடை இருந்துச்சு, வெயில்ல ஒரு மணி நேரம் காயவெச்சதும் சரியாயிடுச்சு. போட்டுப் பாக்கத் தனி ரூம் கிடையாது, அவங்க வீட்டு உள்ரூமத்தான் தொறந்து விடுறாங்க, பெண் புள்ளைங்கள கூட்டிட்டுப் போனா அது ஒரு வகையில நிம்மதிதான். காலையில பத்து மணின்னு சொல்வாங்க, நாங்க போனப்ப பதினொண்ணுக்குத்தான் தொறந்தாங்க, வெயில்ல புள்ளைங்கள நிக்க வெச்சுட்டேனேன்னு எனக்குக் கஷ்டமா போச்சு, போன் பண்ணிட்டுப் போங்க.

திருப்பிக் குடுக்கப் போன அன்னைக்கு அந்தக்கா நோட்டுல வரவு எழுதிக்கிட்டு இருந்தாங்க. அவங்க நோட்டுல துணி பேரு இருக்காது, வேஷம் பேருதான் இருக்கும், வள்ளி 1, நாரதர் 1, குறத்தி 2ன்னு. ஜார்ஜெட் சேலைய மடிச்சு வெச்சுட்டு "டைரக்டரம்மா 1"னு எழுதுனாங்க. சேலைய இனிமே சோஷியல் மூட்டையில போட மாட்டேன், தனியா ஒரு ஹேங்கர்ல மாட்டி வெக்கிறேன், அடுத்த வருஷமும் யாராச்சும் கேப்பாங்கல்லன்னு சொன்னாங்க. கேளுங்க. தஞ்சாவூரு, மாயவரம், பாபநாசம்னு எந்த ஸ்கூல் டீச்சரா இருந்தாலும் பாரதியார், ஜான்சிராணியோட இவங்களையும் ஒரு வருஷம் போடுங்க, சேலை ரெடியா இருக்கு.

திருவையாத்துலேர்ந்து வர்றவங்க கணபதி அக்ரஹாரம், சுவாமிமலை வழியா வர்ற பஸ்ஸ பிடிங்க, செட்டு மூட்டையோட திரும்புறப்ப கூட்டம் இல்லாத மத்தியான பஸ்தான் தோது. ஜனவரி பிப்ரவரி ஆண்டு விழா சீசன், ரெண்டு வாரம் முன்னாடியே சொல்லி வெச்சுடணும். சலங்கைய மட்டும் அங்கயே உக்காந்து மணி மணியா எண்ணி நோட்டுல எழுதச் சொல்லி வாங்குங்க, திருப்பிக் குடுக்குறப்ப அவங்களும் எண்ணுவாங்க.